ஊர்க்காட்டை யார் பார்ப்பது? வன்னிக் கிராமச் சங்கங்களுக்கு ஒரு ஒப்பீடு

இலங்கையின் வடக்கே வன்னியில், ஒட்டுசுட்டான், நெடுங்கேணி, துணுக்காய், மடுப் பக்கங்களில் கிராம அபிவிருத்திச் சங்கக்காரரோடு கதைத்தால் கடைசியில் ஒரே கேள்விக்குத்தான் வந்து நிற்பார்கள். குளத்துக்கு மேலே ஒரு காடு. ஊர்ச்சனம் காலங்காலமாக விறகும் அலம்பலும் எடுத்த காடு. இப்போது அங்கே எல்லைக்கல் போட்டிருக்கிறது. இரவில் உழவு மெசின் சத்தம் கேட்கிறது. விடியப் போய்ப் பார்த்தால் முதிரையின் அடிக்கட்டைதான் மிச்சம், அதற்கு மேலே பச்சைக் குழையைப் போட்டு மூடியிருக்கிறார்கள். "வனத் திணைக்களத்தோடு உடன்படிக்கை எழுதி நாங்களே பார்ப்பமோ? இல்லாட்டித் தேக்கு நட ஒரு துண்டைக் கேட்பமோ? இல்லாட்டி இருக்கிறபடி இருக்கட்டும் எண்டு விடுவமோ?"

இந்தக் கூட்டங்களில் பல வருடங்களாக இருந்தவன் என்ற முறையில் என் எண்ணத்தை எழுதுகிறேன். எல்லா ஊருக்கும் ஒரு பதில் இல்லை. ஆனால் எதைப் பார்த்து முடிவெடுப்பது என்பது எல்லா ஊருக்கும் ஒன்றுதான்.

## முடிவெடுக்க முன் பார்க்க வேண்டியவை

நிலம் எந்த வகை? இதைத் தெரியாமல் கூட்டம் வைப்பது வீண். இலங்கையின் காட்டுச் சட்டம் 1907ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டத்திலிருந்து வருகிறது. 2009ல் திருத்தி, வனப் பாதுகாப்புக் கட்டளைச் சட்டம் என்று பெயரையும் மாற்றினார்கள். அதில் ஒதுக்கப்பட்ட காடு ஒரு வகை, பேணற்காடு இன்னொரு வகை, கிராமக் காடு என்று ஒரு வகையும் சட்டத்தில் இருக்கிறது. இவை எதிலும் சேராத அரச காடுகளும் உண்டு. 2001ல் ஒரு சுற்றறிக்கை அந்த எஞ்சிய காடுகளைத் திணைக்களத்தின் பொறுப்பில் வைத்தது. 2020ல் அதை மாற்றி மாவட்ட, பிரதேச செயலாளர்கள் பக்கம் கொடுத்தார்கள். ஆகவே பக்கத்து ஊர்க்காரர் சொன்னதை நம்பாமல் உங்கள் துண்டு இன்று யார் கையில் என்று பிரதேச செயலகத்தில் எழுத்தில் கேளுங்கள். மடு வீதி, சுண்டிக்குளம் போல 2015ல் தேசியப் பூங்காவான இடம் என்றால் அது 1937ஆம் ஆண்டு வனஜீவராசிகள் சட்டத்துக்குள் வரும். அங்கே கீழே சொல்லும் தெரிவுகள் எதுவும் பொருந்தாது.

அந்தக் காட்டுக்குள் இன்று யார் போகிறார்கள்? சங்கத் தலைவர் போவதில்லை. விறகுக்குப் போகும் பெண்கள், மாடு சாய்க்கிற பொடியன், கோடையில் பாலைப்பழத்துக்கும் வீரப்பழத்துக்கும் போகிற பிள்ளைகள், தேன் எடுக்கிறவர், வேலிக்கு அலம்பலும் வீட்டுக்கு வரிச்சுத்தடியும் வெட்டுகிறவர்கள்தான் போகிறார்கள். 2022ல் எரிவாயு இல்லாமல் போனபோது, அடுப்பைக் கைவிட்டிருந்த வீடுகளும் காட்டுக்குத் திரும்பின. எந்தத் தெரிவு வந்தாலும் முதலில் அடிபடப்போவது இந்த ஆட்கள்தான்.

இரவில் யார் எல்லையில் நிற்பது? காகிதத்தில் உள்ள காவலை இங்கே கணக்கில் எடுக்க வேண்டாம். உண்மையாக யார் போய் நிற்பார் என்று கேளுங்கள்.

காசு எப்போது வரும், யார் கைக்கு வரும்? பாலையும் முதிரையும் மிக மெதுவாக வளர்கிற மரங்கள். மர வருமானம் என்று யாராவது சொன்னால் அது உங்கள் பேரப்பிள்ளைகளின் வருமானம்.

பிழைத்தால் திரும்பி வரலாமா? உடன்படிக்கையைப் புதுப்பிக்காமல் விடலாம். வெட்டி எரித்த காட்டைத் திரும்பக் கொண்டுவர முடியாது.

வன்னிக்கென்று இன்னும் ஒன்று உண்டு: மிதிவெடி. வெடி அகற்றி முடித்துக் கையளித்த பகுதிதானா என்பதைக் காவலுக்கு ஆள் போட முன் உறுதிப்படுத்துங்கள். மாவட்டச் செயலகத்தில் கேட்கலாம்.

## ஒரு பார்வையில்

| தெரிவு | அன்றாட விறகு, அலம்பல் | காவல் யாருடையது | காசு | திரும்பி வரலாமா |
|---|---|---|---|---|
| திணைக்களத்திடமே விடுதல் | பயந்து பயந்து எடுப்பது | திணைக்களம், ஆள் குறைவு | இல்லை | ஆம் |
| சமுதாய வனவியல் உடன்படிக்கை | விதிப்படி எடுக்கலாம் | ஊர் | சிறிது சிறிதாக | ஆம் |
| தேக்கு, மரத்தோட்டம் | பெரும்பாலும் இழப்பு | குத்தகைக்காரர் | பல பத்தாண்டுக்குப் பின் | இல்லை |
| குள நீரேந்து பகுதியைக் கமக்காரர் அமைப்பு பார்த்தல் | ஓரளவு | வயல்காரர் | நேரடியாக இல்லை, தண்ணீராக வரும் | ஆம் |

## 1. இருக்கிறபடி திணைக்களத்திடமே விடுதல்

செலவில்லாத வழி இதுதான் என்று நினைக்கிறார்கள். கூட்டம் இல்லை, கணக்குப் புத்தகம் இல்லை, காவல் இல்லை. பேணற்காடு என்று பிரகடனமான இடத்திலும், யானை நடமாடும் பெரிய தொடர்காட்டிலும் இதுவே சரியான வழி. ஒரு கிராமத்தால் தாங்க முடியாத பாரத்தை அதன் தலையில் ஏற்றக் கூடாது.

ஆனால் ஊர் ஒட்டிய சின்னக் காட்டில் இதன் மறைமுகச் செலவு பெரிது. ஒரு வன அலுவலருக்குக் கீழே வரும் பரப்பைப் பாருங்கள். மோட்டார் சைக்கிளில் ஒரு சுற்று வரவே நாள் போய்விடும். இரவில் மரம் ஏற்றுகிறவனுக்கு அது நன்றாகத் தெரியும். அதேவேளை, பகலில் விறகுக் கட்டோடு வரும் பெண் லேசாக மாட்டிக்கொள்வாள். இப்படிச் சில வருடம் போனால் ஊருக்கும் காட்டுக்கும் இருந்த பிடிப்பு விட்டுப்போகும். கடத்துகிறவனைக் கண்டாலும் "எங்களுக்கென்ன, அது அவையின்ரை காடு" என்று சனம் சொல்லத் தொடங்கும். அந்தச் சொல்லை நான் பல ஊர்களில் கேட்டிருக்கிறேன். காட்டுக்கு அதைவிடக் கெட்ட செய்தி இல்லை.

## 2. சமுதாய வனவியல் உடன்படிக்கை

காட்டின் உரிமை அரசிடமே இருக்கும். பதிவு செய்த ஊர்ச் சங்கம் ஒன்றும் திணைக்களமும் சேர்ந்து முகாமைத்துவத் திட்டம் எழுதி, யார் எதை எவ்வளவு எடுக்கலாம், யார் காக்க வேண்டும் என்று ஒப்பந்தம் செய்வார்கள். இலங்கைக்கு இது புதிதில்லை. 1980களிலேயே தொடங்கி, 2012ல் ஆஸ்திரேலிய உதவியோடு உலர் வலயக் கிராமங்களில் இன்னொரு சுற்று நடந்தது.

எல்லாரும் உதாரணம் காட்டுவது நேபாளத்தை. காரணம் உண்டு. அங்கே 1957ல் காடுகளை அரசுடைமையாக்கினார்கள். ஊர் கைவிட்டது, காடு அழிந்தது. 1978ல் கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பிக் கொடுக்கத் தொடங்கி, 1993ஆம் ஆண்டுச் சட்டத்தால் பயனாளர் குழுக்களுக்குச் சட்டபூர்வ உரிமை கொடுத்தார்கள். இன்று 22,000க்கும் மேற்பட்ட குழுக்கள். மொட்டையாகக் கிடந்த மலைச்சரிவுகள் திரும்பப் பச்சையானதைச் செய்மதிப் படங்களே காட்டுகின்றன. இந்தியாவில் மேற்கு வங்கத்து அராபாரியில் 1970களின் தொடக்கத்தில் அஜித் குமார் பானர்ஜி என்ற வன அதிகாரி, காத்துத் தந்தால் மர வருமானத்தில் 25 வீதம் உங்களுக்கு என்று ஊர்களுக்குச் சொன்னார். சால் காடு திரும்ப எழுந்தது. 1990ல் இந்திய அரசு அதைக் கூட்டு வன முகாமைத்துவமாக நாடு முழுக்கக் கொண்டுபோனது.

சரி, அதை அப்படியே வன்னியில் செய்யலாமா? இங்கேதான் நின்று யோசிக்க வேண்டும். சால் மரம் வெட்டிய அடியிலிருந்தே துளிர்த்து விரைவாக எழும்பும். எங்கள் பாலையோ வீரையோ அப்படி விரைவாக வராது. மரப் பங்கைக் காட்டி இங்கே சனத்தைச் சேர்த்தால் ஐந்தாறு வருடத்தில் ஏமாற்றம்தான் மிஞ்சும். வன்னிக் காட்டிலிருந்து வருடாவருடம் எடுக்கக்கூடியது தேன், பழங்கள், மருந்து மூலிகை, காய்ந்த விறகு, கலைத்து (நெருக்கம் குறைய) வெட்டும் தடிகள். பெரிய காசில்லை. ஆனால் கைக்கு வரும் காசு. உடன்படிக்கையில் இவற்றின் பெயரை ஒவ்வொன்றாக எழுத வேண்டும். "மரம் அல்லாத வன உற்பத்திகள்" என்று பொதுவாக எழுதிவிட்டுப் போனால், நாளைக்கு அலுவலர் மாறியதும் தேன் போத்தலைக் கொண்டு வருகிறவர் வீதியில் மறிக்கப்படுவார்.

இனி மறைமுகச் செலவு. முதலாவது, நேரம். நாலு பேர் கொண்ட குழு வாரத்தில் இரண்டு தடவை அரை நாள் சுற்றி வந்தால், வருடத்துக்கு 416 அரை நாள், அதாவது 208 முழு நாள். ஒருவர் கூலி வேலைக்குப் போனால் கிடைக்கும் நாட்கூலியால் இதைப் பெருக்கிப் பாருங்கள். அந்தத் தொகையை ஊர் ஒவ்வொரு வருடமும் சும்மா கொடுக்கிறது. அறுவடைக் காலத்தில் யாரும் போக மாட்டார்கள். கடத்துகிறவன் வருவதும் அப்போதுதான். காவலுக்குப் போகிறவருக்கு உடன்படிக்கைப் பணத்திலோ சங்க நிதியிலோ ஏதாவது கொடுக்கும் ஏற்பாடு இல்லாமல் இதைத் தொடங்க வேண்டாம்.

இரண்டாவது, பெண்கள். ஒரு கூட்டம் எனக்கு நல்ல ஞாபகம். வேப்ப மரத்துக்குக் கீழே முன்வரிசையில் கதிரை போட்டு ஆண்கள், பின்னுக்குப் பாயில் பெண்கள். மூன்று வருடத்துக்குக் காட்டை முழுதாக மூடுவோம், பிறகு வடிவாக எழும்பும் என்று தீர்மானம் வாசித்தார்கள். பின்னுக்கிருந்து ஒரு அம்மா எழும்பி, "உதெல்லாம் சரி தம்பி, நாளைக்கு நான் விறகுக்கு எங்க போறது?" என்று கேட்டார். யாரோ "அதைப் பிறகு பார்ப்பம் அம்மா" என்றார்கள். கூட்ட அறிக்கையில் அந்தக் கேள்வியே இல்லை. ஆறு மாதம் கழித்துப் போனபோது அந்த அம்மாவும் இன்னும் நாலைந்து பேரும் இரண்டு மைல் தள்ளி அடுத்த ஊர்க் காட்டில் விறகு பொறுக்கிக்கொண்டிருந்தார்கள். அடுத்த ஊர்க்காரரோடு அதனால் ஒரு சண்டையும் வந்திருந்தது. அறிக்கையில் அந்தக் கேள்வியை எழுதும்படி அன்று நானும் சொல்லவில்லை. அது என் பிழை, இன்றைக்கும் உறுத்துகிறது.

இது எங்கள் ஊர்ப் பிரச்சினை மட்டுமல்ல. பொருளியலாளர் பீனா அகர்வால் குஜராத்திலும் நேபாளத்திலும் இந்தக் குழுக்களை ஆராய்ந்தபோது இதையேதான் கண்டார்: முழுதாக மூடினால் சுமை பெண்கள் தலையில் விழுகிறது. நிர்வாகக் குழுவில் பெண்கள் கூடுதலாக இருந்த இடங்களில் காட்டின் நிலையும் நன்றாக இருந்தது. எங்கள் ஊர்களில் மாதர் கிராம அபிவிருத்திச் சங்கம் ஏற்கனவே இருக்கிறது. உடன்படிக்கையில் அதுவும் ஒரு கட்சியாகக் கையெழுத்திட வேண்டும். வெறும் உறுப்பினர் பட்டியலில் பெயர் இருந்தால் போதாது.

மூன்றாவது, திட்டம் முடிந்த பிறகு. உதவிப் பணம் இருக்கும்வரை நாற்று வரும், பயிற்சி வரும், தேநீர் வரும். பணம் நின்றதும் கூட்டமும் நின்றுவிடும். ஆகவே எந்தத் திட்டமும் இல்லாவிட்டாலும் இந்த ஊர் மாதம் ஒரு தடவை கூடுமா என்று கேளுங்கள். ஏற்கனவே கூடுகிற ஊருக்கு இந்த வழி பொருந்தும். கூடாத ஊரை உடன்படிக்கை கூட வைக்காது.

## 3. தேக்கு அல்லது மரத்தோட்டம்

இளைஞர்கள் அதிகம் கேட்பது இதைத்தான். ஒரு துண்டை நீண்ட குத்தகைக்கு எடுத்து, தேக்கு நட்டு, முற்றியதும் விற்கலாம் என்ற கணக்கு. வெறுங்காணிக்கு, போரில் அழிந்து பற்றையாகக் கிடக்கும் மேட்டுநிலத்துக்கு, இது நல்ல வழிதான். 1980களில் பொதுவாக நட்ட சமூக விறகுத் தோட்டங்கள் இது யாருடைய மரம் என்று தெரியாமலே அழிந்தன. பிறகு தனித்தனிக் குடும்பங்களுக்குக் குத்தகைக்குக் கொடுத்த தோட்டங்கள் அதைவிட நன்றாக நின்றன. பெயர் எழுதிய மரத்தை ஆள் காப்பான்.

ஆனால் நிற்கிற காட்டை வெட்டித் தேக்கு நடக் கேட்பதை நான் ஒருபோதும் ஆதரிக்க மாட்டேன். தேக்கந்தோட்டத்துக்குள் கோடையில் நடந்து பாருங்கள். கால் வைக்கிற இடமெல்லாம் பெரிய காய்ந்த இலை சரசரக்கும். அதற்குக் கீழே ஒன்றும் முளைத்திருக்காது. ஒரு தீக்குச்சி போதும். மாரியில் முதல் மழைக்கு வெறும் மண் கழுவுப்பட்டுக் குளத்துக்குள் போகும். பாலைப்பழம் இல்லை, தேன் குறைவு, மாட்டுக்கு மேய்ச்சல் இல்லை. யானை போய்வருகிற வழியில் வேலி போட்டால் அது உங்கள் வயலுக்குள் வழி தேடும். முதல் வெட்டு வரும்வரை கலைத்தல், தீத்தடுப்புப் பாதை, வேலி என்று காசு போய்க்கொண்டே இருக்கும். நட்டவருக்கு ஐம்பது வயது என்றால் விற்கிறவர் அவருடைய மகனாக இருப்பார்.

## 4. குளத்து நீரேந்து பகுதியைக் கமக்காரர் அமைப்பு பார்த்தல்

இதைப் பற்றி யாரும் கேட்பதில்லை. எனக்கு மிக விருப்பமான வழி இதுதான்.

வன்னியின் சிறு குளங்கள் ஒவ்வொன்றுக்கும் மேலே ஒரு காடு இருக்கிறது; அலைகரையில் (தண்ணீர் அலையடிக்கும் மேல் ஓரத்தில்) மருதும் நாவலும் விளாவும் நிற்கும். அந்தக் காடு மண்ணைப் பிடித்து வைக்கிறது, மரங்கள் காற்றைத் தடுத்துத் தண்ணீர் ஆவியாவதைக் குறைக்கின்றன. குளக்கட்டைத் திருத்த வருகிற இயந்திரம் எல்லாரின் கண்ணுக்கும் தெரியும். மேலே வெட்டுப்பட்ட காட்டிலிருந்து வந்து குளத்தில் படிகிற வண்டல் தெரிவதில்லை. ஒன்றன்கீழ் ஒன்றாக அமைந்த இந்தக் குளத்தொடர் முறையை ஐக்கிய நாடுகளின் உணவு, விவசாய அமைப்பு 2017ல் உலக முக்கியத்துவம் உள்ள விவசாய மரபாக ஏற்றுக்கொண்டது.

இந்த வழியின் பலம், ஊரில் ஏற்கனவே பழக்கம் இருப்பது. 2000ஆம் ஆண்டு 46ஆம் இலக்கக் கமநல அபிவிருத்திச் சட்டத்தின் கீழ்ப் பதிவான கமக்காரர் அமைப்பு எல்லா இடமும் உண்டு. காலபோகத்துக்கு முன் கூட்டம் வைக்கிறார்கள். எத்தனை ஏக்கர் விதைப்பது, எந்த நாளில் துருசு (மதகு) திறப்பது, வாய்க்காலை யார் துப்புரவாக்குவது, மாட்டை எப்போது கட்டுவது என்று முடிவெடுக்கிறார்கள். மீறினால் தண்டம். 2009ல் பொருளியல் நோபல் பெற்ற எலினோர் ஒஸ்ட்ரம் பொதுச் சொத்து நிலைத்த ஊர்களை உலகம் முழுக்கப் பார்த்துச் சொன்னது கிட்டத்தட்ட இதைத்தான்: விதிக்குக் கட்டுப்படுகிறவர்களே விதியை எழுத வேண்டும், காவல் அவர்களிடையே இருந்து வர வேண்டும், தண்டம் சிறிதாகத் தொடங்கிப் படிப்படியாகக் கூட வேண்டும். எங்கள் வயல்காரர் இதை யாரும் சொல்லித்தராமலே செய்கிறார்கள். அதே கூட்டத்தில் மேலும் ஒரு தீர்மானம்: நீரேந்து பகுதியில் மரம் விழுத்தக் கூடாது, கிரவல் அள்ளக் கூடாது, குளம் வற்றினாலும் உள்ளே விதைக்கக் கூடாது. சட்டப்படி வழக்குப் போடும் அதிகாரம் அமைப்புக்கு இல்லை, அது கமநல சேவை நிலையமும் திணைக்களமும் செய்ய வேண்டியது. ஆனால் பார்த்துச் சொல்லக் கண்கள் இருக்கும்.

குறையும் உண்டு. வயல் இல்லாதவருக்கு இந்த அமைப்பில் குரல் இல்லை. விறகுக்குப் போகிற அந்த அம்மாவுக்கு வயல் இல்லை. மாட்டுக்காரருக்கு அலைகரைதான் மேய்ச்சல் தரை. அதை மூடினால் அவர் எங்கே போவார்? ஆகவே கூட்டத்துக்கு மாட்டுக்காரரையும் மாதர் சங்கத்தையும் கூப்பிட்டு, அவர்களுடைய வழியையும் நாட்களையும் குறித்த பிறகுதான் தீர்மானம்.

## கையெழுத்தே தேவையில்லாத ஒன்று

நாலிலும் எதை எடுத்தாலும், கூடவே வளவுக்குள் செய்யக்கூடியது ஒன்று உண்டு. வேலி ஓரம் முழுக்கச் சீமைக்கிளுவையும் கிளுவையும் கதியாலாக ஊன்றுங்கள். ஆடு, மாட்டுக்குக் குழை, அடுப்புக்கு விறகு, வயலுக்குப் பசளை. இரண்டு மூன்று மாரி போனால் ஒரு வீட்டின் விறகுத் தேவையில் நல்ல பங்கு அங்கேயே கிடைக்கும். காட்டை மூடுகிற தீர்மானத்துக்கு முன் இது நடக்க வேண்டும்.

## எந்த ஊருக்கு எது

ஊர் குளத்தை நம்பி வாழ்கிறது, காடு குளத்துக்கு மேலே சின்னதாக இருக்கிறது என்றால் நாலாவதிலிருந்து தொடங்குங்கள். இரண்டு போகம் அது ஒழுங்காக நடந்தால், அதே ஆட்களைக் கொண்டு உடன்படிக்கைக்குப் போகலாம்; அப்போது திணைக்களத்துக்குக் காட்ட உங்களிடம் ஒரு பதிவுப் புத்தகம் இருக்கும். காட்டிலிருந்து பல குடும்பம் தேனும் பழமும் எடுத்து விற்கிறது, சங்கமும் உயிரோடு இருக்கிறது என்றால் நேராக உடன்படிக்கை. கடத்தல் ஆயுதத்தோடு நடக்கிற, ஊரைப் பயமுறுத்துகிற இடத்தில் ஊரைக் காவலுக்கு விடாதீர்கள். அது திணைக்களமும் பொலிசும் செய்ய வேண்டிய வேலை. பற்றைக்காணி மட்டும் இருந்தால் குடும்பங்களுக்குத் தனித்தனி மரத்தோட்டம் கேளுங்கள்.

கடைசியாக, மீள்குடியேறிய பல ஊர்களில் உள்ள ஒரு சிக்கல். சனம் இடம்பெயர்ந்திருந்த காலத்தில் பயிர்செய்த காணிகளில் காடு வளர்ந்து, திரும்பி வந்தபோது அவை எல்லைக்கல்லுக்கு உள்ளே போயிருக்கின்றன. உள்ளே போய்ப் பார்த்தால் உடைந்த கிணற்றுக்கட்டு இருக்கும், அதற்குப் பக்கத்தில் யாரோ நட்ட மாமரம் காய்த்து நிற்கும். அப்படியான காணியைப் பொதுக்காடு என்று எழுதிச் சங்கம் உடன்படிக்கை செய்தால், அந்தக் குடும்பத்தின் உரிமைக் கோரிக்கைக்கு எதிராக ஊரே சாட்சி சொன்னது போல ஆகிவிடும். ஆகவே காணிக்காரரைக் கூட்டிக்கொண்டு நடந்து, கிணறு, மரம், பழைய வரம்பு எல்லாவற்றையும் வரைபடத்தில் குறித்து, பெர்மிட்டோ பழைய காணி உறுதியோ இருந்தால் பிரதியையும் சேர்த்துப் பிரதேச செயலகத்தில் கையளியுங்கள். அந்தத் துண்டுகள் தனியாகப் பிரிக்கப்பட்டதாக எழுத்தில் பதில் வரும்வரை சங்கம் எதிலும் கையெழுத்து வைக்க வேண்டாம்.